சுவரில் தொங்கும் வானம்

ராயபுரத்து இல்லம் ஒன்றில், இயேசுவின் திரு இருதயப் படத்தருகே விண்வெளிப் படமொன்று தொங்கக் கண்டேன். “இதுதான் மோட்சத்தின் வாசல்” என்றார் இல்லத்துப் பெரியவர். “எல்லாம் கணிப்பொறியில் தீட்டிய பொய், தாத்தா” என்றான் கல்லூரியில் பயிலும் பேரன். இருவர் கூற்றுமே தவறு என்பது என் வாதம்.

1995இல் ஹப்பிள் தொலைநோக்கி எடுத்த அப்படத்திற்குப் ‘படைப்பின் தூண்கள்’ என்று பெயர். ஏறத்தாழ 6,500 ஒளியாண்டுகளுக்கு அப்பால், விண்மீன்கள் பிறக்கும் வாயுவும் தூசும் நிறைந்த மேகங்கள் அவை. பெயரைச் சூட்டியவர் மனிதர். அப்பெயரைக் கொண்டே இறைவனுக்குச் சாட்சி தேடுவது விசுவாசத்திற்குப் பெருமை சேர்க்காது.

ஆயினும் அது பொய்யும் அன்று. கந்தகம், ஹைட்ரஜன், ஆக்ஸிஜன் ஆகியவற்றின் ஒளியை ஹப்பிள் தனித்தனியே பதிவு செய்தது. முதல் இரண்டின் ஒளியும் நம் கண்ணுக்குச் சிவப்பே. வேறுபாடு விளங்கவே கந்தகத்திற்குச் சிவப்பும், ஹைட்ரஜனுக்குப் பச்சையும், ஆக்ஸிஜனுக்கு நீலமும் அளித்தனர். 2022இல் ஜேம்ஸ் வெப் அதே தூண்களைக் கண்ணுக்குப் புலப்படாத அகச்சிவப்பு ஒளியில் படம்பிடித்தது. அங்கும் வண்ணம் மொழிபெயர்ப்பே. மொழிபெயர்ப்பெல்லாம் பொய் என்றால், நாம் தமிழில் வாசிக்கும் விவிலியம் என்னாவது?

குற்றம் படத்தில் இல்லை. விளக்கமின்றிப் படத்தை மட்டும் பரப்பும் நம்மிடமே உள்ளது. 1874இல் வெள்ளிக் கோள் சூரியனைக் கடக்கவிருந்தபோது, சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி, பொதுமக்களும் அறிய நம் நாட்டு மொழிகளில் விளக்க நூல் வெளியிட்டார். தொலைநோக்கி நுங்கம்பாக்கத்தில் இருந்தது. அறிவு வீதிக்கு வந்தது. இன்று படம் கைப்பேசி வரை வருகிறது. அறிவு வழியிலேயே நின்றுவிடுகிறது.

இன்னோர் இழப்பும் உண்டு. அப்பெரியவர் இளமையில் விடிவெள்ளியையும் அறுமீனையும் பார்த்துக் கட்டுமரம் செலுத்தியவர். இன்று ராயபுரம் முதல் எண்ணூர் வரை துறைமுக விளக்கொளியும் ஆலைப் புகையும் வானத்தை மங்கச் செய்துவிட்டன. தன் கூரைமேல் உள்ள வானத்தை இழந்தவன், சுவரில் தொங்குவதையே வானமென நம்புவதில் வியப்பென்ன?

எனவே, பிள்ளைகளிடம் இத்தகைய படத்தைக் காட்டும்போது மூன்று செய்திகளையும் சேர்த்துச் சொல்வோம்: எந்த ஒளியில் எடுத்தது, எவ்வளவு தொலைவிலுள்ளது, வண்ணம் எதைக் குறிக்கிறது. பின்னர் ஓரிரவு விளக்குகள் குறைந்த கரைக்கு அவர்களை அழைத்துச் செல்வோம். பெரியவர் விண்மீனைக் காட்டட்டும். பேரன் வண்ணத்தை விளக்கட்டும். இருவரும் ஒருவரிடமிருந்து ஒருவர் கற்க வேண்டியது நிறைய உண்டு.