கேட்டுச் செய்த சட்டமும் கேளாமற் செய்த திட்டமும்

நமது சங்கங்களின் பொதுக்கூட்டங்களில் அடிக்கடி காதில் விழும் பேச்சு ஒன்று உண்டு. "நமக்காகத் தெருவில் இறங்கிப் போராடியவரையே சட்டசபைக்கு அனுப்பிவிட்டால் நம் குறைகள் தீர்ந்துவிடும்" என்பதே அது. நூல் விலை ஏறும் வருஷத்தில் நெசவாளர் இதைச் சொல்கின்றனர். நெல் விலை இறங்கும் வருஷத்தில் விவசாயிகள் சொல்கின்றனர். இந்நம்பிக்கையை நாம் குறை கூற முன்வரவில்லை. ஆனால் போராடுதல் ஒரு தொழில். சட்டம் இயற்றுதல் வேறொரு தொழில். முன்னதில் சிறந்தவர் பின்னதிலும் சிறப்பார் என்பதற்கு யாரும் ஜாமீன் தர இயலாது. அப்படியானால் எதைக் கொண்டு அவரை அளப்பது?

இக்கேள்விக்கு விடை காண, நம் அங்கத்தினர் அனைவரும் அறிந்த ஒருவரது பொதுவாழ்வைச் சற்றுத் திருப்பிப் பார்ப்போம். ராஜாஜி என்று நாடு அழைத்த சக்கரவர்த்தி ராஜகோபாலாச்சாரியாரைப் பற்றியே இங்கு எழுதுகிறோம். அவரைப் புகழ்வதும் நமது நோக்கமன்று, இகழ்வதும் நோக்கமன்று. அவருடைய கட்சிக்கு இன்று வாக்குக் கேட்போரும் எவருமில்லை. ஆகவே அமைதியாகவே ஆராயலாம்.

1878-ஆம் வருஷம் ஓசூரை அடுத்த தொரப்பள்ளியில் பிறந்த ராஜாஜி, சேலத்தில் வக்கீலாகப் பெயர் பெற்று, 1917-இல் அந்நகராட்சியின் தலைவரானார். பின்னர் காந்தியடிகளைப் பின்பற்றி வக்கீல் தொழிலைத் துறந்து சிறை புகுந்தார். மனப்போக்கில் அவர் பழமைப் பற்றாளர். கடன்பட்டு வாழ்வதை வெறுத்தார், கள்ளை வெறுத்தார், குடும்பமும் பரம்பரைத் தொழிலும் சமூகத்தைத் தாங்கும் தூண்கள் என்று கருதினார், சர்க்காரின் கை எல்லாவற்றிலும் நீள்வதைக் கண்டு பிற்காலத்தில் மிகவும் அஞ்சினார்.

இன்று பலர் மறந்துவிட்ட செய்தி ஒன்றுண்டு. 1922-ஆம் வருஷம் டிசம்பரில் கயாவில் கூடிய காங்கிரஸில், சட்டசபைகளுக்குள் புகுந்து போராடலாமா என்ற வாதம் எழுந்தது. புகலாம் என்றனர் சித்தரஞ்சன் தாஸும் மோதிலால் நேருவும். புகலாகாது என்று வாதாடிய அணிக்குத் தலைமை வகித்தவர் ராஜாஜி. அன்று அவரது கட்சியே வென்றது. சட்டசபை வேண்டாம் என்று வென்ற அம்மனிதரே பதினைந்து வருஷங்களுக்குப் பின் சென்னை மாகாணச் சட்டசபையின் முதல் இருக்கையில் அமர்ந்தார்.

இடைக்காலத்தில் அவர் செய்தது என்ன என்பதே நமக்கு முக்கியம். 1925-இல் திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்தில் காந்தி ஆசிரமம் அமைத்து, குடும்பத்தோடு அங்கேயே குடியேறினார். மழை பொய்த்த அப்பிரதேசத்தில் இராட்டையையும் கதரையும் கொண்டு ஏழைக் குடும்பங்களுக்குக் கூலி கிடைக்கச் செய்வது ஆசிரமத்தின் வேலை. மதுவிலக்குப் பிரசாரத்திற்காக 'விமோசனம்' என்ற மாதப் பத்திரிகையும் அங்கிருந்து வெளிவந்தது. கிராமத்தான் எங்கே கடன் வாங்குகிறான், வாங்கிய பணம் எந்தக் கடையில் கரைகிறது, நூற்ற நூலுக்கு என்ன கிடைக்கிறது என்பவையெல்லாம் அவ்வருஷங்களில் அவர் கண் முன்னே நடந்தவை. 1930-இல் வேதாரண்யம் உப்புச் சத்தியாக்கிரகத்திற்குத் தலைமை தாங்கியதை யாவரும் நினைவு கூர்கின்றனர். புதுப்பாளையத்து வாழ்வு அந்த அளவுக்கு நினைவு கூரப்படுவதில்லை. பின்னால் வந்த சட்டங்களுக்கு விதை அங்கேதான் விழுந்தது என்பது நமது கருத்து.

1937 ஜூலையில் ராஜாஜி சென்னை மாகாணத்தின் பிரதம மந்திரியானார். அவ்வருஷம் அக்டோபர் 1-ஆம் தேதி சேலம் ஜில்லாவில் மதுவிலக்கு அமலுக்கு வந்தது. அதனால் இழந்த வருமானத்தை ஈடு செய்ய 1939-இல் பொது விற்பனை வரி விதிக்கப்பட்டது. இவ்விரண்டினும் நம் அங்கத்தினர்களுக்கு நெருங்கியது 1938-ஆம் வருஷத்து விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டமாகும். 1932 அக்டோபர் 1-ஆம் தேதிக்கு முன் வாங்கிய கடன்களுக்கு, 1937 அக்டோபர் 1-ஆம் தேதி வரை நிலுவையில் நின்ற வட்டி முழுவதையும் அச்சட்டம் தள்ளியது. அசலைப் போல் இரு மடங்கு முன்னமே செலுத்தியிருந்தால் கடனே தீர்ந்ததாகக் கொள்ளப்பட்டது. அதற்குப் பின் வாங்கிய கடன்களுக்கு நூற்றுக்கு 5 வீதம் தனி வட்டியே கணக்கிடப்பட்டது. தானியங்களின் விலை வீழ்ந்து, வட்டிக்கு வட்டி ஏறி நிலத்தை விழுங்கிக்கொண்டிருந்த காலம் அது. உழவனின் பத்திரத்தை எடுத்துக் கணக்குப் பார்க்கத் தெரிந்தவர்தான் இத்தகைய சட்டத்தை எழுதியிருக்க முடியும்.

எனினும் அதன் குறைகளையும் சொல்லவேண்டும். சட்டத்தின் பயனைப் பெற நிலத்தில் ஏதேனும் உரிமை இருக்கவேண்டும். சொந்தமாகக் குழித்தறி ஒன்றும், பாவுக்கு முதலாளியிடம் வாங்கிய முன்பணமும் தவிர வேறொன்றும் இல்லாத நெசவாளிக்கு அச்சட்டத்தில் இடமில்லை. மேலும், பழைய கடனைக் குறைக்கும் சட்டம் புதிய கடனைக் கொடாது. அடுத்த விதைப்புக்குப் பணம் எங்கே என்ற கேள்வி நின்றது. கூட்டுறவுச் சங்கங்களுக்கு வரவேண்டிய பாக்கிகளை அச்சட்டம் தொடவில்லை. சங்கத்தின் பணம் அங்கத்தினர்களின் பணமே என்பது அங்கு ஒப்புக்கொள்ளப்பட்டது. நிவாரணத்தைச் சர்க்கார் தரலாம். நாணயத்தைச் சங்கந்தான் தரவேண்டும் என்ற பாடத்தை நாம் இதிலிருந்து பெறுகிறோம்.

இரண்டாம் முறை அவர் பதவி ஏற்றது 1952 ஏப்ரலில். முதற் பொதுத்தேர்தலில் சென்னைச் சட்டசபையின் 375 இடங்களில் காங்கிரஸுக்கு 152 இடங்களே கிடைத்தன. தேர்தலில் நில்லாத ராஜாஜி, கவர்னரால் மேல்சபைக்கு நியமிக்கப்பட்டு முதல் மந்திரியானார். கவர்னர் ஜெனரலாகவே இருந்தவர் மீண்டும் ராஜ்ய சபை ஒன்றின் அங்கத்தினராக இறங்கி வந்ததை அவருடைய எளிமை என்றனர் சிலர். ஜனங்களிடம் வாக்குக் கேளாமல் வந்தது முறையன்று என்றனர் பலர். பின்னவர் சொன்னதில் நியாயம் இருந்தது என்றே நாம் எண்ணுகிறோம். ஏனெனில் அடுத்து நடந்தவற்றில் அதன் நிழல் விழுந்தது.

1952-இல் கைத்தறித் தொழில் பெருந்துன்பத்தில் இருந்தது. நெய்த துணி மூட்டை மூட்டையாகத் தேங்கியது. வேலையிழந்த நெசவாளர் ஊர் ஊராக அலைந்தனர். வேட்டியும் புடவையும் கைத்தறிக்கே ஒதுக்கப்படவேண்டும், ஆலைகள் அவற்றை நெய்யலாகாது என்று ராஜாஜி டில்லியை வற்புறுத்தினார். பரம்பரைத் தொழிலின்பால் அவருக்கிருந்த பற்று இங்கே நெசவாளியின் வயிற்றுக்கு ஆதரவாக நின்றது. அவர் தனித்து நிற்கவுமில்லை. கொள்கையில் அவருக்கு எதிர்த் துருவத்தில் இருந்த அண்ணாதுரை முதலிய தி. மு. க. தலைவர்களும் 1953-இல் கைத்தறித் துணிகளைத் தோளிற் சுமந்து தெருக்களில் விற்றனர். நெசவாளி கேட்டதையே முதல் மந்திரியும் கேட்டார். அவருடைய எதிர்க்கட்சியினரும் கேட்டனர். கேட்டதில் ஒரு பகுதியே கிடைத்தது. ஆலைகளின் வேட்டி உற்பத்தி, அவற்றின் 1951-52-ஆம் வருஷச் சராசரியில் நூற்றுக்கு 60 வீதத்திற்கு மேற்படலாகாது என்று மத்திய சர்க்கார் வரம்பிட்டது. 1953-இல் ஆலைத்துணிக்குக் கஜத்திற்கு 3 பை மேல்வரி விதித்து, அத்தொகையைக் கதர், கைத்தறி வளர்ச்சிக்கு ஒதுக்கச் சட்டமும் பிறந்தது. அக்காலத்துப் பை ரூபாயில் 192-இல் ஒரு பங்கு என்பதை இளைய அங்கத்தினர் அறிக. ஒதுக்கீடு என்ற அவ்வெண்ணம் மடியவில்லை. 1985-ஆம் வருஷத்துக் கைத்தறி ஒதுக்கீட்டுச் சட்டத்தின் கீழ் முதலில் 22 வகைகள் ஒதுக்கப்பட்டன. பிற்பாடு அவை 11 ஆகச் சுருங்கின.

அதே முதல் மந்திரி, அதே 1953-இல், கிராமத் தொடக்கப் பள்ளிகளுக்குப் புதிய கல்வித் திட்டம் ஒன்றைக் கொணர்ந்தார். பிள்ளைகள் இரு பிரிவாகப் பள்ளிக்கு வருவர். ஒவ்வொரு பிரிவுக்கும் நாளொன்றுக்கு மூன்று மணி நேரம் படிப்பு. எஞ்சிய வேளையில் வீட்டில் பெற்றோரின் தொழிலைக் கற்பர். பள்ளிகளும் பணமும் போதாத நாட்டில் இரட்டிப்புப் பிள்ளைகளுக்கு எழுத்தறிவிக்க இது வழி என்றார் அவர். கைத்தொழிலுக்கு மதிப்பு உயரும் என்றும் நம்பினார். கணக்கில் பிழை இல்லை என்றே வைத்துக்கொள்வோம். ஆனால் அதைச் சட்டசபையின் முன் வைத்து விவாதியாமல், நிர்வாக உத்தரவாகவே நடத்தத் தொடங்கினார். நெசவாளியின் மகன் மாலையில் தார் சுற்றவேண்டும், வண்ணாரின் மகன் துறைக்குப் போகவேண்டும் என்பதைப் பெற்றோர் எப்படி எடுத்துக்கொள்வர் என்று யாரும் போய்க் கேட்கவில்லை. தறியை நேசிப்பவன்கூடத் தன் மகனைத் தறியிலேயே கட்டிப்போட விரும்பமாட்டான். 'குலக்கல்வித் திட்டம்' என்று பெரியாரும் தி. மு. கழகத்தினரும் வைத்த பெயர் ஊரெங்கும் நிலைத்தது. 1953 ஜூலையில் திட்டத்தைக் கைவிடக் கோரும் தீர்மானத்தில் வாக்குகள் 138-க்கு 138 எனச் சமமாகிச் சபாநாயகரின் வாக்கால் அது தோற்றது. மறு வருஷம் ஏப்ரலில் ராஜாஜி பதவியிலிருந்து விலகினார், காமராஜர் வந்தார், திட்டம் கைவிடப்பட்டது.

ஒரே மனிதர், ஒரே மனப்போக்கு. பரம்பரைத் தொழிலின்மேல் வைத்த பற்றே கைத்தறிக்கு வேலியாகவும் ஆயிற்று. பிள்ளைகளின் படிப்புக்குத் தடையாகவும் ஆயிற்று. வேற்றுமை எங்கே? ஒன்றில் சம்பந்தப்பட்டவர்களின் குரல் முன்னே சென்றது, சட்டம் பின்னே வந்தது. மற்றொன்றில் உத்தரவு முன்னே சென்றது, குரல் பின்னே எழுந்தது.

பதவி நீங்கிய பின் அவர் மீண்டும் போராட்டக்காரரானார். 1959 ஜனவரியில் காங்கிரஸ் மகாசபை நாகபுரியில் கூட்டுறவுக் கூட்டுப்பண்ணைத் தீர்மானத்தை நிறைவேற்றியது. மூன்று வருஷங்களுக்குள் சேவைச் சங்கங்கள், பிறகு நிலங்களை ஒன்றாக்கி உழும் கூட்டுப்பண்ணைகள் என்பது அதன் போக்கு. நிலவுரிமை அவரவருக்கே இருக்கும் என்று தீர்மானம் சொல்லிற்று. விவசாயிகளில் பலர் நம்பவில்லை. அவ்வருஷமே ராஜாஜி தோற்றுவித்த சுதந்திராக் கட்சிக்கு, விவசாயிகளின் தலைவரான என். ஜி. ரங்கா தலைவரானார். சென்னைச் சட்டசபையில் அக்கட்சி 1962-இல் 6 இடங்களும், தி. மு. கழகத்தோடு உடன்பாடு கொண்ட 1967-இல் 20 இடங்களும் பெற்றது. ராஜாஜி மறைந்து இரண்டு வருஷங்களுக்குள், 1974-இல், வேறு கட்சியோடு கலந்து மறைந்தது. கூட்டுப்பண்ணையும் நாட்டில் வேரூன்றவில்லை.

கூட்டுறவுத் துறையில் ஊழியம் செய்யும் நாம் இதைப் படிக்கையில் முதலில் முகம் சுளிப்பது இயல்பு. கூட்டுறவுக்கு விரோதி என்றே அவரைச் சிலர் எழுதினர். ஆனால் கடனுக்கும் விதைக்கும் விற்பனைக்கும் கூடுவது வேறு. நிலத்தை ஒன்றாக்கு என்று மேலிருந்து கூட்டப்படுவது வேறு. விருப்பமின்றிச் சேர்ந்தவன் அங்கத்தினன் அல்லன், ஜாபிதாவில் ஒரு பெயர் மாத்திரமே. 1953-இல் தாமே மறந்த உண்மையை 1959-இல் ராஜாஜி பிறருக்கு உரைத்தார் என்று நாம் சொன்னால் அது நிந்தையாகாது.

இவ்வுண்மையை நாமும் மறந்ததுண்டு. தணிக்கைக்குச் செல்லும் ஊர்களில் தீர்மானப் புத்தகத்தைப் புரட்டினால் பக்கத்துக்குப் பக்கம் 'ஏகமனதாக நிறைவேறியது' என்று காண்கிறோம். கையெழுத்திட்டவரிடம் பொருள் என்னவென்று கேட்டால், "ஆபீஸிலிருந்து எழுதிக்கொண்டு வந்தார்கள், போட்டோம்" என்கிறார். அப்படி எழுதிக்கொண்டு வந்தவர்களில் நம் துறையினரும் உண்டு. தேர்தல் நடவாத காலங்களில் தனி அலுவலர் ஒருவரே நிர்வாகக் குழு முழுவதுமாகி விடுகிறார். எந்த ரகம் நெய்வது, யாருக்குக் கடன் என்பவை அங்கத்தினரைக் கேளாமலே முடிவாகின்றன. 2012-இல் அமலான அரசியல் சட்டத்தின் 97-ஆம் திருத்தம், கூட்டுறவுச் சங்கம் அமைப்பதை அடிப்படை உரிமையாக்கியது. சங்கங்கள் தாமாகத் தோன்றிச் சுயாதீனமாக இயங்க ராஜ்யம் முயலவேண்டும் என்றும் விதித்தது. ஏட்டிலுள்ள அவ்வுரிமையை நிர்வாகக் குழுவின் மேஜைக்குக் கொண்டுவருவது அங்கத்தினர் கையிலேயே இருக்கிறது.

ஆகவே, நமக்காகப் போராடிய ஒருவர் நாளை வாக்குக் கேட்டு வருவாராயின், அவர் எத்தனை முறை சிறை சென்றார் என்பதோடு நில்லாமல், நம்மிடையே எத்தனை நாள் வாழ்ந்தார், நம்மைப் பற்றிய முடிவை நம்மைக் கேட்டுச் செய்வாரா என்றும் விசாரியுங்கள். அப்படி விசாரிக்கும் பழக்கத்தை முதலில் நம் சங்கத்திலேயே தொடங்கலாம். அடுத்த பேரவைக் கூட்டத்தில் தீர்மானப் புத்தகம் உங்கள் முன் வரும்போது, அதை உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். பொருள் விளங்காவிடில் கையெழுத்திட வேண்டாம். படித்துக் காட்டும் பொறுப்பு எம்மைப் போன்ற இன்ஸ்பெக்டர்களுடையது. அதற்கு நாம் கடமைப்பட்டிருக்கிறோம்.