விருந்தா, விலங்கா?



1967 மே மாதம் செக்கோஸ்லோவாகியப் பார்லிமெண்டில் புருஜினெட்ஸ் என்ற பிரதிநிதி எழுந்தார். அவரோடு சேர்ந்து மொத்தம் 21 பேர். இரண்டு சினிமாப் படங்களைக் காட்டக்கூடாது, பாட்டாளியின் பணம் இப்படியா பாழாவது என்று முழங்கினார்.

ஒன்று, வேரா கித்திலோவா எடுத்த ‘டெய்ஸிப் பூக்கள்’. அதில் இரண்டு பெண்கள் விருந்து மேஜைமேல் ஏறிப் பண்டங்களை மிதித்துத் துவைக்கிறார்கள். பயிரிடுகிறவனுக்கு வயிறு எரியும். அந்தக் கோபத்தை நாம் பரிகசிக்க மாட்டோம். ஆனால் யான் நெமெட்ஸ் 1966ல் எடுத்த மற்ற படத்தில், விருந்தையும் விருந்தாளிகளையும் பற்றிய படத்தில், யாரும் எதையும் மிதிக்கவில்லையே! பிறகு ஏன் ஆத்திரம்?

கோடை வந்தால் தோட்டத்தில் மேஜை போட்டு, பீர் ஊற்றிக் கூடி உட்காருவது செக் மக்களுக்குப் பிரியம். படத்திலும் சில நண்பர்கள் புல்வெளியில் சாப்பிட்டுவிட்டு, ஒரு பெரிய மனிதர் வைக்கும் விருந்துக்குக் கிளம்புகிறார்கள். வழியில் ருடால்ப் என்பவன் அடியாட்களோடு மறிக்கிறான். காட்டுக்குள் மேஜை போட்டு விசாரணை! தரையில் கோடு கிழித்து, தாண்டாதே என்கிறான். சுவர் இல்லை, பூட்டு இல்லை, ஆனாலும் நிற்கிறார்கள். தாண்டிய ஒருவனைப் பிடித்து அமுக்குகிறார்கள். அப்போது வெள்ளை உடுப்போடு அந்தப் பெரிய மனிதர் வந்து, எல்லாம் வேடிக்கை என்று சமாதானம் சொல்கிறார். ஏரிக்கரையில் பந்தி. எல்லோரும் சந்தோஷமாயிருந்தே தீரவேண்டும்!

ஒருவன் மட்டும் எழுந்து போய்விடுகிறான். கோஷமில்லை, சண்டையில்லை. விருந்து பிடிக்கவில்லை, அவ்வளவுதான். துப்பாக்கியும் நாயும் கிளம்புகின்றன. கோட்டுக்குள் நின்று நடுங்கிய விருந்தாளிகளும் தேடுகிறவர்களோடு சேர்ந்துகொள்கிறார்கள். நமக்கு நெஞ்சைச் சுட்டது அதுதான்.

முதலாளி வைக்கும் விருந்தில் பல்லைக் காட்டித் தீரவேண்டிய ஆலைத் தொழிலாளிக்கு இது விளங்காதா? இதில் பாட்டாளிக்கு விரோதமானது என்ன?

அந்தப் பெரிய மனிதரின் முகத்தில் பிரதிநிதிகள் யாரைக் கண்டார்கள்? முதலாளியைக் கண்டிருந்தால் கைதட்டியிருப்பார்கள். தங்கள் தலைவர்களையே கண்டார்கள்! அதைச் சொல்ல வாய் வரவில்லை. உழவன், தொழிலாளி என்று நம் பெயரை இழுத்தார்கள். சோஷலிசத்தின் பெயரால் ஆண்டவர்கள் செய்த காரியம் இது. நாம் ஏன் மூடி மறைக்க வேண்டும்?

1968ல் படம் கொஞ்ச காலம் வெளியே வந்தது. ஆகஸ்டில் டாங்கிகள் வந்தன. பிறகு மறுபடியும் தடை. நெமெட்ஸ் 1974ல் நாட்டைவிட்டே வெளியேறினார். படமோ 1989 வரை பெட்டிக்குள் கிடந்தது, நம் பெயரில் போட்ட பூட்டோடு!