தப்பாச் சொன்னாலும் தப்பில்ல!

ஃபர்ஸ்ட் இயர் செமினார். ரெண்டு நாளா கண்ணாடி முன்னாடி நின்னு மனப்பாடம் பண்ணின பேச்சு. நடுவுல கெத்தா ஒரு வார்த்தையைச் செருகி வச்சிருந்தேன்... 'எபிடோம்'. சொல்லி முடிக்கல, கடைசி பெஞ்ச்ல கிளம்பின சிரிப்பு முதல் பெஞ்ச் வரைக்கும் வந்துடுச்சு. அதுக்கப்புறம் அந்த செமஸ்டர் முழுக்க நான் வாயே திறக்கலை!

அது 'இபிடமி', பாஸ். 'பி'யில அழுத்தணும். ஒரு குணத்துக்கு அச்சு அசல் உதாரணம்னு அர்த்தம். 'பொறுமையோட இபிடமி எங்க வார்டன்'னு சொல்லலாம் (சிரிக்காதீங்க!). கிரேக்கத்துல இருந்து வந்த வார்த்தை. அதனால கடைசி 'ஈ' சும்மா உட்காராது, ஒலிக்கும். இதே ஜாதகத்துல இன்னொண்ணு, 'ஹைபர்பலி'. 'ஹைப்பர்போல்' கிடையாது. அர்த்தம், நம்ம தமிழ் கிளாஸ்ல படிச்ச உயர்வு நவிற்சிதான்.

இன்னும் மூணு வில்லங்கமான ஆசாமிகளைப் பார்ப்போமா?

கீ: க்யூ, யூ, ஏ, ஒய். 'க்வே'ன்னு படிச்சா அவுட்! சாவிக்குச் சொல்ற அதே 'கீ'தான். துறைமுகத்துல கப்பலை ஒட்டி நிறுத்தி, சரக்கு ஏத்தி இறக்குற மேடை. முன்னாடி ஸ்பெல்லிங்கும் சாவி மாதிரியேதான் இருந்துச்சு. அப்புறம் பிரெஞ்சைப் பார்த்து எழுத்தை மாத்தினாங்க. உச்சரிப்பு மட்டும் மாறலை.

போஸன்: எழுத்துக்கூட்டிப் படிச்சா 'போட்ஸ்வெயின்'. கப்பல் மேல்தளத்துல வேலை பார்க்கிறவங்களுக்கு மேஸ்திரி. 'ஸ்வெயின்'னா பழைய காலத்துல பையன், வேலையாள். மாலுமிங்க வாய்ல தேஞ்சு தேஞ்சு 'போஸன்' ஆயிடுச்சு. போர்டுல கும்பகோணம், கண்டக்டர் வாய்ல கும்மோணம். அதே கதை!

விட்டில்ஸ்: வி, ஐ, சி, டி, யூ, ஏ, எல், எஸ். 'விக்சுவல்ஸ்' இல்லை. சாப்பாட்டுச் சாமான்னு அர்த்தம். பிரெஞ்சுல இருந்து வந்தப்போ இதுல 'சி'யே கிடையாது. மூலம் லத்தீன்னு காட்டுறதுக்காகப் படிச்ச மேதாவிகள் நடுவுல 'சி'யைச் சொருகினாங்க. எழுதுறதுல ஒட்டிக்கிச்சு, பேச்சுல ஒட்டலை.

இப்பச் சொல்லுங்க, குழப்பம் நம்மகிட்டயா, ஸ்பெல்லிங்கிலயா?

இன்னொரு விஷயம். ஒரு வார்த்தையோட அர்த்தம் தெரிஞ்சு, உச்சரிப்பு மட்டும் தப்பிச்சுன்னா, பெரும்பாலும் அந்த ஆள் அதைக் காதால கேட்டிருக்க மாட்டார். தானே புத்தகத்துல தேடிப் பிடிச்சிருப்பார். அது கேவலமா? இல்லவே இல்லை! அதனால கிளாஸ்ல யாராவது தடுமாறினா சிரிக்காதீங்க. தனியாக் கூப்பிட்டு சரியான உச்சரிப்பைச் சொல்லிக் கொடுங்க. நீங்களே தடுமாறினா, திருத்திக்கிட்டு அடுத்த வரிக்குப் போங்க. என்னை மாதிரி ஒரு செமஸ்டரை வேஸ்ட் பண்ணாதீங்க!

டிப்ஸ்: டிக்‌ஷனரியில உச்சரிப்புக்குள்ள மேல ஒரு குட்டிக் கோடு இருக்கும். அதுக்கு அடுத்து வர்ற அசையைத்தான் அழுத்தணும். ஆன்லைன் டிக்‌ஷனரின்னா ஸ்பீக்கர் படத்தைத் தட்டி ரெண்டு தடவை கேளுங்க.

அப்புறம், வெள்ளைக்காரங்க மட்டும் என்ன ஒழுங்கா? நம்ம மிளகுத்தண்ணியைக் கொண்டுபோய் 'மலிகடானி'ன்னு டிக்‌ஷனரியிலேயே ஏத்திட்டாங்க. அதுக்கு நாம சிரிச்சோமா?

அடுத்த வாரம் வரைக்கும் ஒரு ஹோம்வொர்க்: ராணுவத்துல 'கர்னல்'ங்கிறோம். ஸ்பெல்லிங்ல 'ஆர்' எங்கேயுமே இல்லையே... உச்சரிப்புல மட்டும் எப்படி வந்துச்சு? மண்டையை உடைச்சுக்கோங்க!