அறை வெப்பநிலை

“பிசைந்த மாவை அறை வெப்பநிலையில் ஒரு மணி நேரம் மூடி வையுங்கள்” என்றிருந்தது குறிப்பில். யார் வீட்டு அறை? டிசம்பர் மாதத்துப் புடாபெஸ்டில் கணப்பு போட்ட வீட்டுக்குள் 20 டிகிரியை ஒட்டி இருக்கும். ஜொகூர் பாருவின் பெர்மாஸ் ஜெயாவில், மதியம் இரண்டு மணிக்கு, என் அடுப்படியில் 32.

ஹங்கேரி போய்வந்த அண்ணன் மகள் ஒரு தகர டப்பாவில் ஆறு துண்டு பலகாரம் கொண்டுவந்தாள். மூன்று மெல்லிய மாவு அடுக்கு, நடுவே இரண்டு வரிசையாக ஏப்ரிகாட் ஜாமும் பொடித்த வால்நட்டும், மேலே கறுப்புச் சாக்லேட் பூச்சு. பயணத்தில் நான்கு நாள் கிடந்தும் கெடவில்லை. ஊறி, இன்னும் பதமாகத்தான் இருந்தது. “இதுக்குப் பேரு ஜெர்போ அத்தே. செஞ்சு பாருங்க” என்றாள்.

அது ஓர் ஆளின் பேர். எமில் ஜெர்போ சுவிட்சர்லாந்துக்காரர். 1884-இல் ஹென்றிக் கூக்லர் என்ற பலகாரக் கடைக்காரர் கூப்பிட்டுப் புடாபெஸ்ட் போனவர், பிறகு அந்தக் கடைக்கே உரிமையாளர் ஆனார். கடை இன்றும் வெரெஷ்மார்த்தி சதுக்கத்தில் இருக்கிறது. ஆனால் கடையைவிட வீடுகளில்தான் ஜெர்போவுக்கு உயிர். கிறிஸ்துமஸ் வந்தால் வீட்டுக்கு வீடு டிரே டிரேயாகச் சுடுகிறார்கள். அங்கே வால்நட் மரம் வீட்டுத் தோட்டத்து மரம், நமக்கு முருங்கை மாதிரி.

அதே பண்டிகைக்குப் பெய்க்லி என்ற சுருள் ரொட்டியும் உண்டு. ஒன்றில் வால்நட், ஒன்றில் கசகசா. அதைத்தான் முதலில் செய்ய நினைத்தேன். ஆனால் என் நாத்தனார் இருப்பது நீரிணைக்கு அக்கரையில். சிங்கப்பூருக்குள் கசகசாவைக் கொண்டுபோக முடியாது, தடை. பாலம் தாண்டிப் போய்ச் சேராத பலகாரத்தை எதற்குச் சுடுவது? ஜெர்போ என்று முடிவு செய்தேன்.

முதல் தடவை குறிப்பில் உள்ளபடியே செய்தேன். அரைக் கிலோ மாவு, கால் கிலோ பட்டர், ஒரு முட்டை, கொஞ்சம் ஈஸ்ட், புளித்த கிரீமுக்குப் பதில் துணியில் கட்டித் தொங்கவிட்ட கெட்டித் தயிர். ஒரு மணி நேரம் கழித்துத் திறந்தபோது மாவின் ஓரமெல்லாம் பட்டர் கசிந்து மினுங்கியது. ஈஸ்ட் அளவுக்கு மீறிப் பொங்கிப் புளித்த வாடை. தேய்த்தால் கட்டையோடு சுருட்டிக்கொண்டு வந்தது. ஓவனுக்குள் மேலடுக்கு சரிந்து, ஜாம் பொங்கி வழிந்து டிரேயில் கருகியது. எல்லாவற்றையும்விட வால்நட்தான் என்னைக் கலங்க வைத்தது. கடித்தால், காறிப்போன கொப்பரையின் ருசி.

இதற்கும் வெப்பம்தான் காரணம். 100 கிராம் வால்நட்டில் 65 கிராம் கொழுப்பு. அதிலும் பெரும்பகுதி காற்றும் சூடும் பட்டால் சீக்கிரம் கெடும் வகை. குளிர்நாட்டு மரத்துக் கொட்டை கடைத் தட்டில் நம் ஊர் வெயிலில் மாதக்கணக்கில் கிடந்தால் வேறு எப்படி இருக்கும்? இப்போது பாக்கெட் வாங்கியதும் ஒன்றைப் பிரித்து மென்று பார்க்கிறேன். தோலின் இலேசான துவர்ப்பு இருக்கலாம், அது அதன் குணம். நாக்கின் பின்பக்கம் காறினால் அந்தப் பாக்கெட் வேண்டாம். நல்லதென்றால் நேரே உறைபெட்டிக்குப் போகிறது.

பொடிப்பதற்கும் ஒரு பக்குவம் வேண்டும். ஹங்கேரி வீடுகளில் மேசை விளிம்பில் திருகி மாட்டி, கைப்பிடியைச் சுற்றி அரைக்கும் சின்ன எந்திரம் இருக்கிறது. அண்ணன் மகள் படம் காட்டியதும் எனக்குப் பாட்டியின் தேங்காய்த் திருகிதான் கண்முன் நின்றது. அந்த எந்திரத்தில் கொட்டை சூடேறாமல் பூப்பூவாக உதிரும். மிக்சியில் விட்டு ஓட்டினால் எண்ணெய் பிரிந்து விழுதாகிவிடும். அதனால் உறைந்த கொட்டையோடு, எடுத்து வைத்த சர்க்கரையில் இரண்டு கரண்டி சேர்த்து, விட்டு விட்டு நான்கைந்து சுற்று, அவ்வளவுதான்.

ஜாம் விஷயத்தில் மட்டும் நான் வேண்டுமென்றே வழி மாறினேன். ஏப்ரிகாட் அங்கே மரத்தில் காய்ப்பது. இங்கே விலை கொடுத்து வாங்கும் போத்தல், அதுவும் வெறும் தித்திப்பு. ஜெர்போவில் ஜாமின் வேலை புளிப்பு. கொழுத்த வால்நட்டையும் சாக்லேட்டையும் அதுதான் வெட்டிக் கொடுக்க வேண்டும். பொந்தியான் பக்கம் ஓர் ஊருக்கே பெக்கான் நனாஸ் (நனாஸ் என்றால் அன்னாசி) என்று பேர் வைத்திருக்கும் ஜொகூரில் புளிப்புக்கு நான் ஏன் அலைய வேண்டும்? மோரிஸ் அன்னாசி நான்கு வாங்கித் துருவி, சாற்றைப் பிழிந்துவிட்டு, பட்டை ஒரு துண்டு போட்டு, கரண்டி நிற்கும் பதத்துக்குக் கிளறினேன். தீபாவளிக்கு அன்னாசி டார்ட் செய்யும் வீடுகளுக்கு இந்தக் கை புதிதில்லை. தண்ணீர் இல்லாத ஜாம் பொங்கி வழியவில்லை.

வெப்பத்தைக் காரணம் சொல்லி ஒதுங்கவும் மனம் வரவில்லை. இதே ஜொகூர் பாருவில், டான் ஹியோக் நீ சாலையின் ஹியாப் ஜூ 1919-இலிருந்து விறகு அடுப்பில் கேக் சுடுகிறது. டோபி சாலையில் சலாஹுடின் ரொட்டிக் கடை 1937-இலிருந்து இருக்கிறது. அடுப்பின் அனலையும் வெயிலையும் சேர்த்துத் தாங்கிய தொழில் அது. எனக்கு வேண்டியிருந்தது வேறு நேரம், அவ்வளவே.

ஆகவே இரவிலேயே குளிர்ந்த பட்டரை மாவில் உதிர்த்துப் பிசைந்து குளிர்பெட்டியில் வைத்தேன். ஈஸ்ட் அங்கே மெதுவாக, இரவு முழுக்க வேலை செய்தது. சுபுஹ் பாங்கு கேட்கும் நேரத்தில் எழுந்து, ஒவ்வோர் உருண்டையாக வெளியே எடுத்துத் தேய்த்து அடுக்கினேன். மேலே முள்கரண்டியால் குத்திவிட்டு, 180 டிகிரியில் 35 நிமிடம். சாக்லேட்டில் எண்ணெய் சேர்க்கச் சொல்லும் வரியை அடித்துவிட்டேன்; நம் ஊரில் அது இறுகவே இறுகாது. ஒரு நாள் பொறுத்து, கத்தியைச் சுடுநீரில் நனைத்து வெட்டினேன்.

பன்றிக் கொழுப்போ ரம்மோ கலக்கவில்லை, அண்டை வீட்டு மலாய்ப் பாட்டி மக்சிக்கும் சாப்பிட வேண்டும் என்பதால். அவர் கடித்ததும் அன்னாசியைக் கண்டுகொண்டார், வால்நட்டைக் கேட்டுத் தெரிந்துகொண்டார், இரண்டாவது துண்டைப் பேத்திக்கென்று மடித்து வாங்கிப் போனார். நாத்தனாருக்கு அனுப்பிய டப்பா காலியாகத் திரும்பி வந்தது.

அண்ணன் மகள் சனிக்கிழமை வருகிறாள். பாதி டிரேக்கு அன்னாசி, பாதிக்கு அவள் வாங்கி வரும் ஏப்ரிகாட். இரண்டையும் பக்கத்தில் வைத்துச் சாப்பிட்டுப் பார்க்கப் போகிறோம். மாவு இப்போது குளிர்பெட்டியில் இருக்கிறது. அலாரம் ஐந்துக்கு.