பதினான்கு வயதின் மோசமான கவிதைகள்

மூன்று ஆண்டுகளுக்கு முன் ஒரு நண்பரின் வீட்டில், அப்போது ஒன்பதாம் வகுப்பில் படித்துக்கொண்டிருந்த அவரது மகள் தன் கவிதை நோட்டை என்னிடம் கொடுத்தாள். அவள் அப்பா பிடுங்கிக் கொடுத்தார் என்பதே சரி. "மாமா பார்த்துச் சொல்வார்" என்றார். நானும் சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்து, ஒற்று மிகும் இடங்களில் எல்லாம் ஒற்றுப் போட்டேன். நிலவைப் பற்றி இனி யாரும் எழுதவேண்டியதில்லை என்று ஒரு நகைச்சுவையும் உதிர்த்தேன். எல்லோரும் சிரித்தோம், அவளும் சிரித்தாள். பிறகு அந்த நோட்டு என் கண்ணில் படவே இல்லை.

சார்லட் பிராண்டேயின் சிறு கவிதைப் புத்தகம் ஒன்றைப் பற்றிப் படித்திராவிட்டால் இதை நான் மறந்தே போயிருப்பேன். 1829இல், பதின்மூன்று வயதில், பத்துக் கவிதைகளைக் கையால் எழுதி அவர் உருவாக்கிய புத்தகம் அது. ஒரு சீட்டுக்கட்டின் சீட்டைவிடச் சிறியது. 2022இல் பன்னிரண்டரை லட்சம் டாலருக்கு விலைபோய், பிராண்டே குடும்பம் வாழ்ந்த ஹாவொர்த் இல்லத்து அருங்காட்சியகத்துக்கே திரும்பியது. என் கவனம் விலையில் நிற்கவில்லை. தலைப்பிலேயே எழுத்துப்பிழை! உள்ளே, இவை தரம் குறைந்த முயற்சிகளே, ஆயினும் தன்னால் இயன்றவற்றில் சிறந்தவை என்ற பொருளில் ஒரு குறிப்பு வேறு. கற்றுக்கொள்ளத் தொடங்குபவரின் நிலையை இதைவிட நேர்மையாகச் சொல்லிவிட முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை.

1826இல் தந்தை வாங்கிவந்த பன்னிரண்டு மரச் சிப்பாய்களிலிருந்து தொடங்கியது அந்த வீட்டுப் பிள்ளைகள் நால்வரின் எழுத்து விளையாட்டு. சிப்பாய்கள் படிப்பதற்கென்று அந்த அளவிலேயே புத்தகங்கள் செய்தார்கள். பெரியவர்களால் எளிதில் வாசிக்க முடியாத பொடி எழுத்து. இந்தப் பொடி எழுத்தைத்தான் நான் திரும்பத்திரும்ப எண்ணிப்பார்க்கிறேன். யாரும் திருத்தாத, யாரும் கைதட்டாத ஓர் இடத்தில் சார்லட் பத்தாண்டுகளுக்குமேல் எழுதிப் பழகினார். இருபது வயதில் அரசவைக் கவிஞர் சவுதிக்குக் கவிதைகளை அனுப்பியபோது, இலக்கியம் ஒரு பெண்ணின் வாழ்க்கைப் பணியாக இருக்க முடியாது என்று அவர் பதில் எழுதினார். அதையும் தாங்கிக்கொண்டு 1847இல் 'ஜேன் அயர்' வந்தது. அந்தப் பதில் பதின்மூன்று வயதில் வந்திருந்தால்?

பிள்ளைகள் எல்லோரும் சார்லட் ஆவார்கள் என்று நான் சொல்லவரவில்லை. தம்பி பிரான்வெல்லும் அதே விளையாட்டில் அதே அளவு மூழ்கியவர்தான். எழுத்திலும் ஓவியத்திலும் பெயர் பெறாமலே 1848இல் இறந்தார். பதினேழு வயதையொட்டி அவர் மூன்று சகோதரிகளையும் சேர்த்து ஒரு ஓவியம் வரைந்தார். நடுவே தன்னையும் வரைந்து, பிறகு அதன்மேல் ஒரு தூணைத் தீட்டி மறைத்துவிட்டார். ஓவியமாக அது சுமார் ரகம். மடித்துப்போட்ட நிலையில் ஓர் அலமாரியின் மேல் கிடந்து 1914இல் கிடைத்தது. மடிப்புக் கோடுகள் இன்றும் தெரிகின்றன. ஆயினும் அந்த மூவரும் ஒன்றாக இருக்கும் ஓவியம் என்று நமக்கு எஞ்சியிருப்பது அது ஒன்றுதான். அதை எந்த வெற்றிக் கணக்கில் சேர்ப்பது?

நம் வீடுகளில் பிள்ளை பென்சிலைக் கையில் எடுத்த மறுவாரமே ஓவிய வகுப்பு, அடுத்த மாதம் போட்டி, சுவரில் சான்றிதழ். பத்தாம் வகுப்பு வந்ததும் எல்லாவற்றையும் மூட்டைகட்டிவிடுகிறோம். (பொழுதுபோக்கு என்ற சொல்லே இதற்கு வசதி செய்து தருகிறது, போக்குவதற்குப் பொழுது இல்லையென்றால் அதுவும் இல்லை.) முன்பு ஊருக்கு ஊர் கையெழுத்துப் பத்திரிகைகள் இருந்தன. ஒரே ஒரு பிரதி, பத்துப் பதினைந்து வாசகர்கள், அவர்களும் அதே வயதினர். மோசமாக எழுதுவதற்கு அதைவிடப் பாதுகாப்பான இடம் வேறில்லை. இன்று அப்பாவின் கைபேசி வழியாகக் கவிதை நேராக உறவினர் வாட்ஸப் குழுவுக்குப் போகிறது. அங்கே விழும் அளவற்ற பாராட்டும் என் ஒற்றுப்பிழைத் திருத்தமும் செய்யும் கெடுதல் ஒன்றே என்பது என் கருத்து. இரண்டுமே, பிள்ளை தனக்காகச் செய்துகொண்டிருந்த ஒன்றைப் பிறர் பார்ப்பதற்கானதாக மாற்றிவிடுகின்றன.

சென்ற மாதம் அதே வீட்டுக்குப் போயிருந்தேன். இப்போது பன்னிரண்டாம் வகுப்பு. இன்னும் எழுதுகிறாயா என்று கேட்டேன். "இல்ல மாமா, நேரமே இல்ல" என்றாள். அவள் பொய் சொல்கிறாள் என்றே நம்ப விரும்புகிறேன்.