மீந்த கறி யாருக்கு?

 

ஹஜ்ஜுப் பெருநாளின் மறுநாள் நம் இல்லங்களின் அடுப்படிகளில் ஒரு காட்சியைக் காணலாம். பெரிய சட்டியின் அடியில் நாலைந்து எலும்புகளும், பத்துப் பன்னிரண்டு துண்டுக் கறியும், உறைந்த கொழுப்பின் கீழே இரண்டு கரண்டிக் குழம்பும் கிடக்கும். முதல் நாள் பகலிலும் இரவிலும் அதையே உண்டு சலித்தவர்களுக்கு அதன்மீது மனம் செல்லாது. "இதை யாருக்காவது கொடுத்துவிடு" என்று ஒரு குரல் எழும். அந்த 'யாராவது' யார் என்பதை நாம் அனைவரும் அறிவோம். வாசல் பெருக்க வரும் பெண்மணி, மாடு மேய்க்கும் சிறுவன், கடைத்தெருவில் கையேந்தி நிற்கும் முதியவர்.

பிறர் வீட்டுக் கதையைச் சொல்லிக் குறை காணும் எண்ணம் எனக்கில்லை. என் வீட்டில் நடந்ததையே சொல்லிவிடுகிறேன். சென்ற ஆண்டு பெருநாளுக்கு மறுநாள் மாலை, இவ்வாறு மீந்த கறியை ஒரு தூக்குச் சட்டியில் ஊற்றி, எங்கள் வீட்டு வேலைகளில் உதவும் பெண்மணியிடம் கொடுத்தேன். காலையில் நெடுநேரம் மின்சாரம் இல்லை. குளிர்சாதனப் பெட்டியில் இருந்த சட்டியும் வெதுவெதுப்பாகத்தான் இருந்தது. அவர் மூடியைத் திறந்து பார்த்தார். ஒன்றும் சொல்லாமல் மூடிக்கொண்டு போனார். அருகில் நின்ற என் இளைய மகள் கேட்டாள்: "அது நல்லா இருந்தா நாமே சாப்பிட்டிருக்கலாமே, அம்மா? நல்லா இல்லேன்னா அவங்களுக்கு ஏன் கொடுத்தோம்?"

நான் விடை சொல்லவில்லை. அந்த வாரம்தான் மதரஸாவில் 'அல்பகரா' அத்தியாயத்தின் 267ஆம் வசனத்தை மாணவிகளுக்கு விளக்கியிருந்தேன். நாம் ஈட்டியவற்றுள் நல்லவற்றையே இறைவழியில் கொடுக்க வேண்டும். நமக்கே பிறர் தந்தால் கண்ணை மூடிக்கொண்டன்றி வாங்க மாட்டோம் என்னும் மட்டமான பொருளைத் தேடிப் பிடித்துக் கொடுத்தலாகாது என்பது அதன் கருத்து. கண்ணை மூடிக்கொண்டு வாங்குதல் என்றால் என்ன என்பதை ஒரு தூக்குச் சட்டியின் மூடி எனக்குக் காட்டிவிட்டது. மறுநாள் காலை அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். அவர் சிரித்துவிட்டு, "கோழிக்குப் போட்டுட்டேம்மா" என்றார்.

அன்று முதல் எங்கள் வீட்டில் முறை மாறிவிட்டது. கொடுக்க வேண்டியதை முதலில், புதியதாக, நல்ல துண்டுகளாகப் பார்த்துக் கொடுத்துவிடுகிறோம். மீந்தது எங்களுக்கு. கேட்பதற்கு எளிய மாற்றம்தான். ஆயினும் 'பழைய கறி எனக்கு வேண்டாம்' என்று முகம் சுளிக்கும் கணவரையும் பிள்ளைகளையும் வைத்துக்கொண்டு இதை நடத்துவது எளிதன்று. அதற்கு அடுப்படியில் ஒரு வழி வேண்டும். அந்த வழியைத்தான் இம்மாதம் சொல்லப் போகிறேன்.

அதற்கு முன் ஒரு நிகழ்ச்சி. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் இல்லத்தில் ஓர் ஆடு அறுக்கப்பட்டது. பின்னர் நபியவர்கள், அதில் என்ன மீந்திருக்கிறது என்று வினவினார்கள். முன்னந்தொடையைத் தவிர வேறெதுவும் மீதமில்லை என்றார்கள் அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள். அந்த முன்னந்தொடையைத் தவிர மற்றவை எல்லாமே மீந்திருக்கின்றன என்று திருத்தினார்கள் நபியவர்கள். திர்மிதியில் பதிவாகியுள்ள இச்செய்தியை நாம் பலமுறை கேட்டிருப்போம். கொடுத்ததே நிலைத்த மீதம் என்னும் பொருளை எடுத்துக்கொண்டு நின்றுவிடுவோம். வீட்டில் எஞ்சியிருந்தது கடைசித் துண்டு எலும்பன்று, முன்னந்தொடை என்பதையும் நாம் கவனிக்கலாம்.

குர்பானிக் கறியை மூன்று நாட்களுக்கு மேல் வைத்திருக்கக் கூடாது என்று ஓர் ஆண்டு தடை இருந்தது. அவ்வாண்டு மக்கள் வறுமையில் வாடினர்; அவர்களுக்கு உதவி கிடைக்க வேண்டும் என்பதே தடையின் நோக்கம். அடுத்த ஆண்டு, உண்ணவும் உண்ணக் கொடுக்கவும் சேமித்து வைக்கவும் அனுமதி கிடைத்தது. ஸலமா இப்னுல் அக்வஃ (ரலி) அவர்கள் வழியாக இது புகாரியில் உள்ளது. ஆகவே கறியைச் சேமித்து உண்பது கஞ்சத்தனம் அன்று.

சரி, அடுப்படிக்கு வருவோம்.

கால் கிலோ அளவுக்கு மீந்த ஆட்டுக்கறி இருக்கிறது என்று கொள்வோம். மூன்று நடுத்தர உருளைக்கிழங்குகளை முன்னதாகவே தோலுடன் வேகவைத்து, நன்றாக ஆறவிடுங்கள். ஆறாத கிழங்கை நறுக்கினால் குழைந்து களியாகிவிடும். ஆறிய கிழங்கு சதுரமாக நறுக்க வரும், வாணலியில் உடையாது. எங்கள் உத்திரமேரூர் கடைகளில் இரண்டு விதக் கிழங்கு கிடைக்கும். செம்மண் ஒட்டிய ஊட்டிக் கிழங்குக்கு விலை சற்று அதிகம். இந்தப் பிரட்டலுக்கு அது ஏற்றது. பச்சை படர்ந்ததும் முளை விட்டதுமான கிழங்கை வாங்காதீர்கள். அதில் உடலுக்கு ஒவ்வாத நச்சுப் பொருள் கூடியிருக்கும்.

கறியை எலும்பிலிருந்து பிரித்து, சிறுசிறு துண்டுகளாகக் கொத்திக்கொள்ளுங்கள். எலும்பை எறிய வேண்டாம். அதற்கு வேறு வேலை இருக்கிறது. குழம்பின் மேல் உறைந்து நிற்கும் கொழுப்பை வழித்து எடுத்து வாணலியில் இடுங்கள். தனி எண்ணெய் ஒரு தேக்கரண்டி போதும். இரும்பு வாணலியானால் மிகவும் நல்லது. கொழுப்பு உருகிச் சூடானதும் கிழங்கை மட்டும் பரப்பிவிட்டு, ஐந்து நிமிடம் கரண்டியைத் தொடாமல் இருங்கள். நம் பெண்களுக்கு இதுதான் கடினம்! கிண்டிக்கொண்டே இருந்தால் கிழங்கு சிவக்காது, வியர்த்துப்போகும். அடிப்பக்கம் பொன்னிறமானதும் திருப்பி விடுங்கள்.

பின்னர் பொடியாக நறுக்கிய இரண்டு வெங்காயம், இரண்டு பச்சை மிளகாய், ஒரு பல் பூண்டு, கறிவேப்பிலை. வெங்காயம் வதங்கியதும் கொத்திய கறியையும் மீந்த குழம்பையும் சேருங்கள். மசாலா ஏதும் புதிதாக வேண்டியதில்லை. இஞ்சியும் பட்டையும் சோம்பும் நேற்றே கறிக்குள் இறங்கிவிட்டன. உப்பைக் கடைசியில் பாருங்கள். குழம்பு சுண்டும்போது அதன் உப்பு கூடித் தெரியும். ஈரம் முழுவதும் வற்றி, கறியும் கிழங்கும் ஒன்றோடொன்று ஒட்டியதும் கரண்டியின் முதுகால் அழுத்தி விட்டு, மேலும் மூன்று நிமிடம் சிறு தீயில் வையுங்கள். இடித்த மிளகு, மல்லித்தழை, அரை எலுமிச்சம்பழச் சாறு. கிழங்கு முன்பே வெந்திருந்தால் இருபது நிமிடத்தில் சமையல் முடிந்துவிடும். ரசம் சோற்றுக்குத் துணையாகும். சப்பாத்தியில் சுருட்டிக் கொடுத்தால் பள்ளிக்குப் போகும் பிள்ளை மீதம் வைக்காது.

இருவருக்கே காணாத கறி ஐவருக்குப் போதுமானதாகிறது. குழம்பு காய்ச்சினால் நீரைச் சற்றுக் கூட்டி அண்டை வீட்டாரையும் நினைத்துக்கொள்ளும்படி அபூதர் (ரலி) அவர்களுக்கு நபியவர்கள் அறிவுறுத்தியது முஸ்லிமில் உள்ளது. அங்கே நீர் செய்ததை இங்கே கிழங்கு செய்கிறது.

இது நம் கண்டுபிடிப்பு என்று பெருமை கொள்ள இடமில்லை. ஆங்கிலேயரும் அமெரிக்கரும் முதல் நாள் மீந்த இறைச்சியைக் கொத்தி உருளைக்கிழங்குடன் வறுத்து, மேலே ஒரு முட்டையை உடைத்து ஊற்றி உண்பர். அதற்கு 'ஹாஷ்' என்று பெயர். கொத்துதல் என்னும் பொருள்தரும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது அது. நம் 'கொத்துக்கறி'யின் பொருளும் அதுவேயன்றோ! சுவீடன் நாட்டாரும் இத்தகைய உணவுக்கு 'வாணலியில் சிறு துண்டுகள்' என்னும் பொருளில்தான் பெயரிட்டிருக்கின்றனர். கிழங்கோ தென் அமெரிக்க மலைகளில் பிறந்து கடல் கடந்து வந்தது. செல்வம் மிகுந்த நாடுகளிலும் மீந்ததை மறுநாள் உண்பதற்கு யாரும் வெட்கப்படுவதாகத் தெரியவில்லை.

இனி, கண்டிப்பாகச் சொல்ல வேண்டிய ஒன்று. சமைத்த கறி இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியில் இருக்கக் கூடாது. வெப்பம் 32 பாகையைத் தாண்டும் நாட்களில் ஒரு மணி நேரமே கணக்கு. நம் பகுதியின் கோடையை நினைத்துக்கொள்ளுங்கள். பெரிய சட்டியோடு உள்ளே வைக்காமல், சிறு பாத்திரங்களில் பிரித்து வைத்தால் விரைவில் குளிரும். நல்ல குளிர்ச்சியில் மூன்று நாட்கள் வைத்திருக்கலாம். எடுத்தால் ஆவி பறக்கச் சூடாக்கி உண்ண வேண்டும். திரும்பத் திரும்பச் சூடாக்கி வைத்தலும் ஆகாது. கெட்டுப்போனதைக் 'கொதிக்கவைத்தால் சரியாகிவிடும்' என்று நம் பாட்டிமார் சொல்வர். அது முழு உண்மையன்று. சில கிருமிகள் கறியில் விட்டுச் செல்லும் நஞ்சு கொதியில் அழிவதில்லை. நெடுநேரம் மின்சாரம் நின்று குளிர்ச்சி போய்விட்டதென்றால், அந்தக் கறி நமக்கும் வேண்டாம், பிறருக்கும் வேண்டாம். நான் சென்ற ஆண்டு கொடுத்தது அத்தகைய கறி என்பதை எண்ணினால் இன்றும் உடல் கூசுகிறது.

எனவே மீதத்துக்கு ஒரு கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் ஊர் வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் பராந்தகச் சோழன் காலத்துக் கல்வெட்டுகள் உள்ளன (கி.பி. 919, 921). குடவோலைத் தேர்தலின் விதிகளைச் சொல்லும் அவற்றுள், வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரும் அவருடைய உறவினரும் மீண்டும் பெயர் எழுதப்படத் தகுதியற்றவர் என்று ஒரு விதி உண்டு. அவ்விதியை அடுப்படிக்குக் கொண்டுவந்தால் எத்தனை வீடுகள் தேறும் என்று நான் வேடிக்கையாக எண்ணிக்கொள்வதுண்டு. என்ன மீந்தது, எப்போது சமைத்தது, எப்போது உள்ளே வைத்தது என்று ஒரு சிறு தாளில் எழுதி ஒட்டுவதற்கு அரை நிமிடம் ஆகும்.

எலும்புகளைச் சொன்னேனல்லவா? அவற்றைப் புதிய தண்ணீரில் இட்டு நெடுநேரம் வேகவிட்டு, துவரம்பருப்பு, கத்தரிக்காய், வாழைக்காய், சிறிது புளி சேர்த்தால் தால்ச்சா ஆகிவிடும். அது தனிக் கட்டுரைக்கு உரியது. இன்ஷா அல்லாஹ், வேறொரு மாதம் எழுதுவேன்.

இவ்வாண்டு பெருநாளுக்கு மறுநாள் இந்தப் பிரட்டலைச் செய்தேன். வேலைக்கு வரும் அம்மையாருக்கான பங்கு பெருநாள் அன்று காலையிலேயே, சமைக்காத கறியாக, அவருடைய வீட்டுக்குப் போய்விட்டது. மறுநாள் அவர் வந்தபோது நாங்கள் உண்டுகொண்டிருந்தோம். உட்காரச் சொல்லி அதே வாணலியிலிருந்து அவருக்கும் பரிமாறினேன். அடியில் ஒட்டிச் சிவந்திருந்த பொறுக்கைச் சுரண்டி எடுப்பது யார் என்று என் பிள்ளைகளுக்குள் வழக்கு மூண்டது. அவர்தாம் கரண்டியை வாங்கிச் சுரண்டி, இளையவளின் தட்டில் முதலில் வைத்தார்.