34ஆம் இலக்கச் சட்டை



"மௌலவி, என்ட மகன் அஸர் தொழுத கையோட பந்தடிக்கப் போனா மஃரிபுக்குத்தான் ஊட்டுக்கு வாறான். ஓதலும் இல்ல, படிப்பும் இல்ல" என்று முறைப்பாடு சொல்லாத உம்மாமார் குறைவு. அந்த முறைப்பாட்டை இன்னொரு மாதத்தில் பார்த்துக்கொள்வோம். பந்தடித்தே பெயரெடுத்த ஒரு மகனின் கதையை இம்முறை சொல்லப் போகிறேன். விளையாட்டுச் செய்தி நமக்கெதற்கு என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். பிள்ளை பெற்ற ஒவ்வொருவருக்கும் இதில் பாடம் இருக்கிறது.

அவர் பெயர் அப்துல் ஹக் நூரி. 1997 ஏப்ரல் 2ஆம் திகதி நெதர்லாந்தின் அம்ஸ்டர்டாம் நகரில் பிறந்தார். குடும்பத்தின் பூர்வீகம் மொரோக்கோ. 1960களின் இறுதியிலிருந்து பிழைப்புத் தேடி ஐரோப்பா சென்ற மொரோக்கோக் குடும்பங்கள் பல அந்நகரின் மேற்குப் பகுதியில் குடியேறின. அப்படிப்பட்ட ஒரு குடியிருப்பில்தான் இவரும் வளர்ந்தார். சந்துகளில் பந்து உருட்டிய சிறுவனை, ஏழு வயதிலேயே அஜாக்ஸ் கழகம் தன் பாசறையில் சேர்த்துக்கொண்டது. அஜாக்ஸ் என்பது அந்நாட்டின் மிகப் பெரிய உதைபந்தாட்டக் கழகம். சிறு பிள்ளைகளைச் சேர்த்து, வருடக்கணக்கில் பழக்கி, உலகத்தரமான வீரர்களாக ஆக்குவதில் பெயர் போனது. அங்கே சேரும் நூறு பிள்ளைகளில் முதல் அணி வரை போய்ச் சேர்பவர்கள் மிகச் சிலரே.

நூரி விளையாடிய இடம் மத்திய களம். திடலின் நடுவில் நின்று பின்னாலிருந்து பந்தை வாங்கி, யார் எங்கே நிற்கிறார், யாருக்கு இடமிருக்கிறது என்று ஒரே பார்வையில் கண்டு, உரிய ஆளிடம் சேர்ப்பது அவர் வேலை. நம் வீடுகளில் உம்மாவின் வேலை இதுதான். கோல் போட்டவரின் பெயர்தான் மறுநாள் பத்திரிகையில் வரும். அவர் காலடிக்குப் பந்தைக் கொண்டு வந்தவரின் அருமை, விளையாட்டை அறிந்தவர்களுக்கு மட்டுமே தெரியும். சிறிய உடல்வாகு கொண்ட நூரியிடம் அந்தப் பார்வை நிறையவே இருந்தது.

2016 செப்டெம்பரில், கிண்ணப் போட்டியொன்றில் வில்லெம் 2 கழகத்துக்கு எதிராக முதல் அணிக்காக இறங்கினார். அந்த முதல் ஆட்டத்திலேயே ப்ரீ கிக் மூலம் ஒரு கோல் போட்டார். அந்தப் பருவத்தில் முதல் அணிக்காக 15 தடவைகள் ஆடினார். கழகத்தின் இளையோர் அணிக்காக இரண்டாம் பிரிவுப் போட்டிகளிலும் பிரகாசித்தார். வயது இருபது. எதிர்காலம் முழுவதும் முன்னால் விரிந்து கிடந்தது.

2017 ஜூலை 8ஆம் திகதி. புதிய பருவத்துக்கு ஆயத்தமாவதற்காக அஜாக்ஸ் அணி ஒஸ்ட்ரியா நாட்டின் ஸில்லர்டால் பள்ளத்தாக்குக்குச் சென்றிருந்தது. ஜேர்மனியின் வெர்டர் பிறேமன் கழகத்துடன் சிநேகபூர்வ ஆட்டம். ஆட்டம் நடந்துகொண்டிருக்கையில் நூரி திடலில் சாய்ந்தார். யாரும் அவர்மீது மோதவில்லை, யாரும் தட்டிவிடவில்லை. இருதயத்தின் துடிப்பு ஒழுங்கு திடீரெனக் குலைந்துவிட்டது. ஆட்டம் நிறுத்தப்பட்டது. ஹெலிகொப்டரில் இன்ஸ்புறுக் நகர வைத்தியசாலைக்குக் கொண்டு சென்றார்கள். நிலைமை ஸ்திரமாக இருக்கிறது என்றே முதலில் செய்தி வந்தது. குடும்பம் ஆறுதல் அடைந்திருக்கும். ஆனால் ஜூலை 13ஆம் திகதி கழகம் அறிவித்தது: மூளைக்குக் கடுமையான, நிரந்தரமான சேதம் ஏற்பட்டிருக்கிறது.

அந்நாட்களில் அம்ஸ்டர்டாமில் அவருடைய வீட்டு முன்றலில் ஆயிரக்கணக்கானோர் கூடினார்கள். முஸ்லிம்களும் மற்றவர்களும், அஜாக்ஸ் ஆதரவாளர்களும் எதிர்க் கழகத்தாரும் ஒன்றாக நின்றார்கள். ஐரோப்பாவில் நம்மவர்களைப் பற்றிக் கசப்பான பேச்சுகளே அதிகம் கேட்கும் காலத்தில், ஒரு மொரோக்கோக் குடும்பத்தின் துயரத்தை ஒரு நகரமே தன் துயரமாக எடுத்துக்கொண்டது.

இருதயம் நின்றதற்கும் மூளை பழுதானதற்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் கேட்கலாம். சம்பந்தம் நிமிடங்களில் இருக்கிறது. இருதயத்தின் மின்னோட்டம் குழம்பும்போது அது துடிப்பதை விட்டு வெறுமனே நடுங்கும். நடுங்கும் இருதயம் இரத்தத்தைத் தள்ளாது. இரத்தம் போகாவிட்டால் மூளைக்கு ஒட்சிசன் இல்லை. நான்கைந்து நிமிடங்களில் மூளையின் கலங்கள் சாகத் தொடங்கிவிடும். ஒன்றும் செய்யாமல் கழியும் ஒவ்வொரு நிமிடமும், உயிர் தப்பும் வாய்ப்பில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்கைப் பறித்துக்கொண்டு போகிறது. இதற்கு மருந்து இரண்டு. ஒன்று, உடனே நெஞ்சை அழுத்திக்கொண்டே இருப்பது. மற்றது, மின் அதிர்ச்சி கொடுத்து இருதயத்தை மீண்டும் ஒழுங்குக்குக் கொண்டு வரும் சிறு கருவி.

இது நூரிக்கு மட்டும் வந்த சோதனையல்ல. 2003 ஜூன் 26ஆம் திகதி பிரான்ஸின் லியோன் நகரில் கெமரூன் வீரர் மார்க் விவியன் ஃபோ திடலில் விழுந்து, 28 வயதில் உயிரிழந்தார். 2012 மார்ச் 17ஆம் திகதி லண்டனில் போல்டன் கழகத்தின் ஃபப்ரிஸ் முவம்பா விழுந்தார். பார்வையாளர் மத்தியில் இருந்த இருதய வைத்தியர் ஒருவர் இறங்கி ஓடி வந்தார். 78 நிமிடங்கள் அவர் இருதயம் தானாகத் துடிக்கவில்லை. ஆனாலும் அழுத்துவதை யாரும் நிறுத்தவில்லை. அவர் பிழைத்தார்; விளையாட்டை மட்டும் விட்டார். 2021 ஜூன் 12ஆம் திகதி கோப்பன்ஹேகனில் டென்மார்க்கின் கிறிஸ்டியன் எரிக்ஸன் விழுந்தார். அவரும் அஜாக்ஸில் ஆடியவரே. அணித்தலைவர் உடனே ஓடி வந்து உதவ, வைத்தியர்கள் நெஞ்சை அழுத்தி, மின் அதிர்ச்சியும் கொடுத்தார்கள். திடலை விட்டுக் கொண்டு போகும்போது கண் விழித்திருந்தார். 2022 பெப்ரவரியில், நெஞ்சுக்குள் ஒரு கருவியோடு, இங்கிலாந்தில் மீண்டும் விளையாட இறங்கினார். இவர்கள் எல்லோருமே மத்திய கள வீரர்கள்.

இங்கேதான் நமக்குள் அடிக்கடி எழும் ஒரு கேள்விக்கு வருகிறேன். "எல்லாம் கத்ர். நடந்தது நடந்துவிட்டது. கேள்வி கேட்பது ஸபருக்கு மாற்றமில்லையா?" நம் வீடுகளில் மௌத்தோ விபத்தோ நேரும்போது பெரியவர்கள் இப்படிச் சொல்லிப் பேச்சை முடித்துவிடுவதுண்டு. கத்ரை நம்புவது ஈமானின் அங்கம். அதில் இரண்டாம் பேச்சில்லை. ஆனால் கத்ர் என்பது, கடமையில் தவறியவர் தலையை மறைத்துக்கொள்ளும் போர்வையா?

நூரியின் குடும்பம் தொழுகையும் துஆவுமாக இருந்த குடும்பம். அதே குடும்பம், அந்த நிமிடங்களில் திடலில் என்ன நடந்தது என்பதை அறிய வேண்டும் என்று விடாமல் நின்றது. சிகிச்சை முறையாக நடந்தது என்பதே ஆரம்பத்தில் கழகத்தின் நிலைப்பாடு. பிறகு சுயாதீன நிபுணர்கள் ஆராய்ந்தார்கள். 2018 ஜூனில் கழகத்தின் தலைமை நிர்வாகி எட்வின் வன் டெர் ஸார் பகிரங்கமாக ஒப்புக்கொண்டார்: திடலில் கொடுத்த சிகிச்சை போதுமானதாக இருக்கவில்லை, சுவாசப் பாதையைக் கவனிப்பதிலேயே நேரம் போய்விட்டது, இருதயத்தைக் கவனித்து மின் அதிர்ச்சிக் கருவியை முன்னதாகப் பாவித்திருக்க வேண்டும். அப்படிச் செய்திருந்தால் அவர் நிலை இதைவிட நன்றாக இருந்திருக்கக் கூடும்; நிச்சயமாகச் சொல்ல முடியாது. பொறுப்பைக் கழகம் ஏற்றுக்கொண்டது. 2022 பெப்ரவரியில் 78 இலட்சத்து 50 ஆயிரம் யூரோ நட்டஈடு தர உடன்பாடு ஏற்பட்டது. பராமரிப்புச் செலவையும் கழகமே ஏற்றது.

ஸபர் என்றால் வாய்மூடி இருப்பது என்று நினைக்கும் சகோதரிகள் இதைக் கவனிக்க வேண்டும். இருதயம் அல்லாஹ்வின் தீர்ப்பைப் பொருந்திக்கொள்ளும். நாவு உண்மையைக் கேட்கும். கை தன் ஹக்கைக் கோரும். இம்மூன்றும் ஒரே ஆளிடம் ஒன்றாக இருக்கலாம். அந்தக் குடும்பம் கேட்டதால், நாளை இன்னொரு தாயின் பிள்ளை விழும்போது அருகில் நிற்பவர்கள் முதலில் இருதயத்தைப் பார்ப்பார்கள்.

நூரி என்ன ஆனார்? 2018இல் ஆழ்மயக்கத்திலிருந்து மீண்டார். 2020 மார்ச்சில் அவருடைய நாநா தொலைக்காட்சியில் பேசினார். தம்பி இப்போது வைத்தியசாலையில் இல்லை, அவருக்கென்றே ஒழுங்கு செய்த வீட்டில் எங்களோடு இருக்கிறார் என்றார். படுக்கையை விட்டு எழ முடியாது. பேச முடியாது. ஆனால் உறங்குகிறார், விழிக்கிறார், உண்கிறார். நல்ல நாட்களில் புருவத்தை அசைத்துப் பதில் சொல்கிறார். குடும்பத்தோடு சேர்ந்து உதைபந்தாட்டம் பார்க்கும்போது முகத்தில் உணர்ச்சி தெரிகிறது. சில வேளை புன்னகையும் வருகிறது. திடல் முழுவதையும் ஒரே பார்வையில் அளந்த பிள்ளை இப்போது புருவத்தால் பேசுகிறார். அந்தப் புருவத்தின் மொழியைப் படிக்க அவர் வீட்டார் பழகிக்கொண்டார்கள்.

நம் ஊர்களிலும் எத்தனையோ வீடுகளில் இப்படியொரு கட்டில் இருக்கிறது. பாரிசவாதத்தில் விழுந்த வாப்பா, பிறவியிலேயே நடக்க முடியாத பிள்ளை, விபத்தில் நினைவிழந்த கணவர். கட்டிலருகே பெரும்பாலும் ஒரு பெண் நிற்கிறாள். இரண்டு மணித்தியாலத்துக்கு ஒரு தடவை புரட்டிப் படுக்க வைக்கிறாள். கழுவுகிறாள், ஊட்டுகிறாள், இரவில் மூச்சைக் கவனிக்கிறாள். நலம் விசாரிக்க வருகிறவர்களோ, "என்ன குற்றம் செய்தார்களோ" என்று வாசலிலேயே ஒரு வார்த்தையை எறிந்துவிட்டுப் போகிறார்கள். சகோதரிகளே, அப்படிப் பேசும் நாவை அடக்குங்கள். சோதனையைத் தண்டனை என்று முத்திரை குத்தும் அதிகாரம் நமக்கு இல்லை. போகும்போது ஒரு வேளைச் சாப்பாட்டைச் சமைத்துக்கொண்டு போங்கள். "நீங்கள் இரண்டு மணி நேரம் தூங்குங்கள், நான் பக்கத்தில் இருக்கிறேன்" என்று சொல்லுங்கள். நூரியின் வீட்டில் நாநாவும் சேர்ந்து அந்தச் சுமையைத் தாங்கினார். உங்கள் ஆண்பிள்ளைகளுக்கும் அதைப் பழக்குங்கள். நோயாளியைக் கழுவுவது பெண்களின் வேலை என்று எந்தக் கிதாபிலும் எழுதப்படவில்லை.

பிள்ளைகளைத் திடலுக்கு அனுப்பும் உம்மாமாருக்குச் சில வார்த்தைகள். ஓடும்போதோ விளையாடும்போதோ பிள்ளை மயங்கி விழுந்தால், வெயில் என்றோ பசி என்றோ திருஷ்டி என்றோ சொல்லிவிட்டுச் சும்மா இருக்க வேண்டாம். வைத்தியரிடம் கொண்டு போங்கள். நெஞ்சுவலி, காரணமில்லாத படபடப்பு, குடும்பத்தில் யாராவது இளவயதில் திடீரென மௌத்தான செய்தி, இவற்றையும் வைத்தியரிடம் மறைக்காமல் சொல்லுங்கள். இருதயத்தின் மின்னோட்டத்தைப் பதியும் ஈ.சீ.ஜீ. பரிசோதனை எளிமையானது. இத்தாலியில் போட்டிகளில் ஆடுவோருக்கு இத்தகைய பரிசோதனை 1982 முதல் கட்டாயம். இந்தப் பரிசோதனையிலும் எல்லாக் குறைகளும் தெரிந்துவிடாது, பல தெரிந்துவிடும்.

ஒருவர் திடீரென விழுந்து, கூப்பிட்டும் அசையாமல், மூச்சும் ஒழுங்காக இல்லாமல் கிடந்தால் உடனே 1990க்கு அழையுங்கள். இடையிடையே வாயைத் திறந்து இழுப்பது போலத் தெரிவதை மூச்சு என்று நம்பி ஏமாற வேண்டாம். இருதயம் நின்றவரிடமும் அந்த இழுப்பு வரும். நெஞ்சின் நடுவில் இரு கைகளையும் ஒன்றன் மேல் ஒன்றாக வைத்து, இரண்டு அங்குலம் அளவு ஆழமாக, நிமிடத்துக்கு 100 முதல் 120 தடவை வரை அழுத்துங்கள். உதவி வரும் வரை நிறுத்த வேண்டாம். குழந்தைகளுக்கு முறை சற்று வேறு. ஆகவே உங்கள் ஊரில் முதலுதவி வகுப்பு நடந்தால் போய் முறையாகப் பழகுங்கள்.

"விழுந்தவர் அந்நிய ஆணாக இருந்தால் தொடலாமா?" என்று கேட்பீர்கள். உயிர் போகும் நிர்ப்பந்தத்தில் அந்தத் தடை நிற்காது என்பது ஃபிக்ஹ் படித்த எவரும் அறிந்த சட்டம். தயங்கி நிற்கும் நான்கு நிமிடங்களுக்குப் பிறகு வருத்தப்பட்டுப் பயனில்லை.

நூரியின் சட்டை இலக்கம் 34. அஜாக்ஸ் அந்த இலக்கத்தை வேறு யாருக்கும் கொடுக்காமல் ஒதுக்கி வைத்தது. அவரோடு ஒன்றாக வளர்ந்த ஜஸ்டின் க்ளுய்வர்ட் இத்தாலியின் ரோமா கழகத்துக்குப் போனபோதும், டொனி வன் டி பீக் மென்செஸ்டர் யுனைட்டட்டுக்குப் போனபோதும், நண்பனின் 34ஐயே கேட்டு அணிந்துகொண்டார்கள். 2019இல் அஜாக்ஸ் வென்ற தேசிய லீக் பட்டம், அக்கழகத்தின் 34ஆவது பட்டமாக அமைந்தது. வீரர்கள் அதை நூரிக்கே சமர்ப்பித்தார்கள். மதத்தாலும் நிறத்தாலும் வேறுபட்ட பிள்ளைகள் அவர்கள். ஒரே திடலில் வியர்வை சிந்திய நட்பு அவர்களை மறக்க விடவில்லை.

அல்லாஹ் அப்துல் ஹக்குக்கும், அவரைப் போலக் கட்டிலில் இருக்கும் எல்லோருக்கும் ஷிஃபாவைத் தருவானாக. அவர்களைப் பராமரிக்கும் கைகளுக்குப் பலத்தைத் தருவானாக. நம் பிள்ளைகளைத் திடலிலும் தெருவிலும் பாதுகாப்பானாக. ஆமீன்.